வாங்கின கேம் எங்கே பாஸ்?

இன்டர்னல்ஸ் முடிஞ்சாச்சா? அரியர் லிஸ்ட்டைப் பத்திக் கேட்க மாட்டேன், பயப்படாதீங்க. இந்த வாரம் வேற லிஸ்ட். நீங்க இதுவரைக்கும் காசு கொடுத்து வாங்கின கம்ப்யூட்டர் கேம்ஸ் மொத்தம் எத்தனை? எந்தெந்தக் கடையில வாங்கினீங்க? எந்த இ-மெயில் ஐ.டி.யில?

பத்து விநாடிக்குள்ள பதில் வந்தா நீங்க ஜீனியஸ். பக்கத்தைத் திருப்பிட்டு ஜோக்ஸ் படிக்கப் போகலாம். தலையைச் சொறியறவங்க மட்டும் உட்காருங்க. உங்களுக்கும் எங்க சித்தி பையனுக்கும் ஒரே வியாதிதான்.

அவன் கதையை முதல்ல சொல்லிடறேன். நாலு வருஷம் ஹாஸ்டல்ல தங்கி இன்ஜினீயரிங் படிச்சவன். ஸ்கூல் பசங்களுக்கு மேத்ஸ் ட்யூஷன் எடுத்து, வர்ற காசுல டீ, பஜ்ஜியைக் கட் பண்ணி, சேல் போடும்போதெல்லாம் ஒண்ணு ரெண்டுன்னு கேம் வாங்கிச் சேர்த்தான். மொத்தம் 43. ஒண்ணுகூட திருட்டு காப்பி கிடையாது. அதுல அவனுக்கு அவ்வளவு பெருமை.

போன தீபாவளிக்கு வீட்டுக்கு வந்திருந்தான். எண்ணெய்க் குளியல், இட்லி, பலகாரம் எல்லாம் முடிஞ்சு உட்கார்ந்தப்ப, "அண்ணா, ஓவர்குக்ட் ஆடலாமா?"ன்னு கேட்டான். 2016-ல வந்த சமையல் கேம். ஒரே கீபோர்டுல ரெண்டு பேர் உட்கார்ந்து வெங்காயம் நறுக்கி, சூப் வெச்சு, தட்டு கழுவி, நேரத்துக்கு ஆர்டர் முடிக்கணும். கடைசியில ரெண்டு பேரும் சண்டை போட்டுக்கிறதுதான் அதோட அழகே.

லேப்டாப்பை அப்பத்தான் ஃபார்மேட் பண்ணியிருந்தான். கேம் கடையோட சாஃப்ட்வேரை மறுபடி போட்டு, பாஸ்வேர்டு அடிச்சான். கரெக்ட். உடனே ஸ்க்ரீன்ல ஒரு வரி: உங்க இ-மெயிலுக்கு ஒரு கோடு அனுப்பியிருக்கோம், அதை இங்கே டைப் பண்ணுங்க.

அந்த இ-மெயில், காலேஜ் கொடுத்த ஐ.டி. பாஸ் அவுட் ஆனவங்க மெயிலை எல்லாம் காலேஜ்ல க்ளோஸ் பண்ணி மூணு மாசம் ஆச்சு!

பையன் முகம் நமுத்துப்போன புஸ்வாணம் மாதிரி ஆயிடுச்சு. அந்த 43 கேம் என்னாச்சுன்னு கடைசியில சொல்றேன். அதுக்கு முன்னாடி, அவன் பண்ணின தப்பை நீங்க பண்ணாம இருக்க சில விஷயம் பேசிடலாம்.

கட்டிலுக்கு அடியில் இருந்த காலம்

சி.டி. காலத்துல இந்தத் தொல்லை கிடையாது. ஒரிஜினல் சி.டி. வாங்கினா டப்பாவுல ஒரு சீரியல் நம்பர் ஒட்டியிருக்கும். அதைத் தொலைச்சா ஆப்பு. சி.டி.யில கீறல் விழுந்தா ஆப்பு. ஆனா கேம் எங்கே இருக்குன்னு மட்டும் டவுட்டே வராது. கட்டிலுக்கு அடியில இருக்கும். இல்லேன்னா பக்கத்து ரூம்காரன் சுட்டிருப்பான்.

2003 செப்டம்பர்ல அமெரிக்காவோட வால்வ் கம்பெனி ஸ்டீமைக் கொண்டு வந்தது. 2004 நவம்பர்ல அதே கம்பெனியோட ஹாஃப்-லைஃப் 2 வந்தப்ப, கடையில டப்பாவா வாங்கினவங்களும் ஸ்டீம்ல ஒரு அக்கவுன்ட் திறந்தாதான் ஆட முடியும்னு ஆச்சு. டிஸ்க் கையில இருந்தும் சாவி வேற இடத்துக்குப் போன நாள் அதுதான். அப்புறம் 2008-ல போலந்துலேர்ந்து ஜி.ஓ.ஜி., 2018 டிசம்பர்ல எபிக்னு வரிசையா கடைகள் வந்தாச்சு. 2015-லேர்ந்து ஸ்டீம்ல ரூபாய்லயே விலை போடறாங்க. அதுக்கப்புறம்தான் நம்ம ஹாஸ்டல்கள்ல காசு கொடுத்து கேம் வாங்குற பழக்கமே சூடுபிடிச்சது.

நீங்க வாங்கினதெல்லாம் சேர்ந்து இருக்கிற இடத்துக்கு அவங்க வெச்ச பேரைக் கவனிச்சீங்களா? லைப்ரரி! பேருலயே உண்மையைச் சொல்லிட்டாங்க. நூலகத்துல புத்தகம் நம்முது கிடையாது. நம்ம கையில இருக்கிறது ஒரு கார்டுதான். கார்டு தொலைஞ்சா வாசல்ல நிக்க வேண்டியதுதான்.

சும்மா சொல்லலை. 2024 அக்டோபர்லேர்ந்து ஸ்டீம்ல கார்ட்டுக்குள்ள போனா, நீங்க வாங்குறது லைசென்ஸ்தான்னு ஒரு வரி போட்டிருப்பாங்க. டிஜிட்டல் பொருளை விற்கும்போது அது லைசென்ஸ்தான்கிறதைத் தெளிவா சொல்லணும்னு கலிஃபோர்னியாவுல ஒரு சட்டம் போட்டாங்க. 2025 ஜனவரி 1-லேர்ந்து அது அமல்ல இருக்கு. ஸ்டீம் அக்கவுன்ட்டை இன்னொருத்தருக்கு விற்க முடியாது, மாத்தியும் கொடுக்க முடியாது. தாத்தா நிலத்தை உயில் எழுதி வைக்கலாம். கேம் லைப்ரரியை வைக்க முடியாது!

கேமே காணாமப் போறதும் நடந்திருக்கு. யுபிசாஃப்ட் 2014-ல வெளியிட்ட 'தி க்ரூ' கார் ரேஸ் கேம் ஞாபகம் இருக்கா? தனியா ஆடினாலும் அது கம்பெனி சர்வரோட பேசிக்கிட்டே இருக்கணும். 2024 மார்ச் 31-ஆம் தேதி சர்வரை நிறுத்தினாங்க. காசு கொடுத்து வாங்கினவங்களும் அதுக்கப்புறம் ஆட முடியலை. அந்தக் கோபத்துலதான் 'ஸ்டாப் கில்லிங் கேம்ஸ்'னு ஒரு இயக்கம் கிளம்பி, ஐரோப்பாவுல 10 லட்சம் கையெழுத்துக்கு மேல வாங்கினாங்க.

ஆனா கடையில விற்பனையை நிறுத்தினாலே கேம் செத்துப் போச்சுன்னு அர்த்தம் கிடையாது. ஃபோர்ஸா ஹொரைஸன் 4-ஐ 2024 டிசம்பர் 15-ஓட விக்கிறதை நிறுத்திட்டாங்க. முன்னாடியே வாங்கினவங்க டவுன்லோடு பண்ணி ஆடலாம். கடை அலமாரியில இல்லேன்னா பதறாதீங்க, உங்க லைப்ரரியில பாருங்க.

"லைப்ரரியிலயும் இல்லையே பாஸ்!"

வாங்கின கேமைக் காணோம்னு வர்ற புலம்பல்ல முக்கால்வாசி, கண்ணாடியை நெத்தியில ஏத்திவிட்டுட்டு வீடெல்லாம் தேடற கேஸ்தான். ஸ்டீமை வெச்சே சொல்றேன், வரிசையா பாருங்க.

1. இன்ஸ்டால் ஆனது மட்டும் தெரியுதா? லைப்ரரி லிஸ்ட்டுக்கு மேல, உடனே ஆடத் தயாரா இருக்கிற கேமை மட்டும் காட்டுற ஒரு குட்டி பட்டன் இருக்கு. கை தவறி அதைத் தட்டியிருப்பீங்க. மத்ததெல்லாம் மறைஞ்சிடும். இன்னொரு விஷயம், அன்-இன்ஸ்டால் பண்ணினா கேம் உங்க டிஸ்க்கிலேர்ந்துதான் போகும். லைப்ரரியை விட்டுப் போகாது. மங்கலான எழுத்துல பேர் இருந்தா, 'உன்னுதுதான், இன்னும் இறக்கலை'ன்னு அர்த்தம்.

2. நீங்களே ஒளிச்சு வெச்சிருக்கலாம். மேல 'வியூ' மெனுவுல 'ஹிட்டன் கேம்ஸ்' இருக்கும். செமஸ்டர் நேரத்துல 'இனிமே உன் மூஞ்சியில முழிக்க மாட்டேன்'னு சபதம் போட்டு மறைச்சது அங்கேதான் தூங்கும்.

3. பேர் மாறியிருக்கலாம். கவுன்ட்டர்-ஸ்ட்ரைக் குளோபல் அஃபென்சிவ்னு தேடினா கிடைக்காது. 2023 செப்டம்பர்ல அதோட இடத்துலயே கவுன்ட்டர்-ஸ்ட்ரைக் 2 வந்து உட்கார்ந்தாச்சு.

4. வாங்கினது தனி கேமே இல்லாம, ஒரு கேமுக்கான எக்ஸ்ட்ரா பகுதியா இருக்கலாம். டி.எல்.சி.ன்னு போட்டிருக்கும். அது தனியா லிஸ்ட்ல வராது, மெயின் கேமுக்குள்ளதான் இருக்கும். மெயின் கேம் இல்லாம அதை மட்டும் வாங்கிட்டு பல்பு வாங்கினவங்க நிறைய. விலை ரொம்பக் குறைவா இருந்தா அந்த மூணு எழுத்து இருக்கான்னு ஒரு தடவை பாருங்க.

5. கடையே வேறயா இருக்கலாம். எபிக்ல வாரா வாரம் ஓ.சி.யில கொடுக்கிற கேமை அமுக்கியிருப்பீங்க. அதை ஸ்டீம்ல தேடினா எப்படிக் கிடைக்கும்? ஹம்பிள் பண்டில் மாதிரி இடத்துல மூட்டையா வாங்கினீங்கன்னா கேம் வராது, கீ நம்பர்தான் வரும். அதை எடுத்து ஸ்டீம்ல போடற வரைக்கும் லைப்ரரியில எதுவும் தெரியாது.

6. அக்கவுன்ட்டே வேறயா இருக்கலாம். ஸ்கூல்ல ஒண்ணு, காலேஜ்ல ஒண்ணுன்னு ரெண்டு வெச்சிருக்கிற ஆளா நீங்க? மெயில் பாக்ஸ்ல கடையோட பேரைப் போட்டுத் தேடுங்க. எந்த ஐ.டி.க்கு ரசீது வந்திருக்கோ, கேம் அங்கேதான் இருக்கு.

7. இதுவும் சரிவரலையா? 'அக்கவுன்ட் டீடெய்ல்ஸ்' போய் 'பர்ச்சேஸ் ஹிஸ்டரி' பாருங்க. தேதி, தொகை, எப்படிப் பணம் கட்டினீங்க எல்லாம் இருக்கும். பக்கத்துலயே லைசென்ஸ் லிஸ்ட்டும் இருக்கும். பேங்க்ல பணம் கழிஞ்சு இங்கே பதிவாகலைன்னா பேமென்ட் நடுவுல மாட்டியிருக்கு. பதட்டத்துல ரெண்டாவது தடவை பணம் கட்டாதீங்க. கொஞ்ச நேரம் பார்த்துட்டு, அதே ரசீது விவரத்தோட சப்போர்ட்டுக்கு எழுதுங்க.

கார்டைப் பத்திரமா வெச்சுக்கங்க

தேடறது ஒரு நாள் வேலை. தொலைக்காம வெச்சுக்கிறது ஒரே ஒரு சாயங்கால வேலை. இன்னைக்கே உட்கார்ந்து முடிச்சிடுங்க.

முதல் வேலை, மெயிலை மாத்துங்க. காலேஜ் ஐ.டி., கம்பெனி ஐ.டி. ரெண்டுமே வாடகை வீடு. எப்போ காலி பண்ணச் சொல்வாங்கன்னு தெரியாது. சொந்த மெயிலுக்கு மாத்துங்க. பழைய மெயில் உயிரோட இருக்கும்போதே மாத்தினா அஞ்சு நிமிஷம். செத்த பிறகுன்னா, எங்க சித்தி பையனைக் கேளுங்க. சில கேம்களுக்கு ரெண்டு சாவி உண்டு. ஸ்டீம்ல வாங்கின ஜி.டி.ஏ. 5-க்கு ராக்ஸ்டார் அக்கவுன்ட்டும் வேணும். அங்கே எந்த மெயில் கொடுத்தீங்கன்னும் பார்த்துடுங்க.

ரெண்டாவது, பூட்டு. மொபைல்ல ஸ்டீம் கார்டு போட்டுக்கங்க. போடும்போது ஒரு ரெக்கவரி கோடு வரும். அதை நோட்டுல எழுதி வைங்க. போன் தொலைஞ்சா அதுதான் தெய்வம்.

மூணாவது, ரூம்மேட்டுக்கு உயிரைக் கொடுங்க, பாஸ்வேர்டு கொடுக்காதீங்க. வீட்டுக்குள்ள பகிர்ந்துக்க 2024-லேர்ந்து 'ஸ்டீம் ஃபேமிலீஸ்'னு ஒரு வசதியே இருக்கு. மொத்தம் 6 பேர் சேரலாம், அவங்கவங்க அக்கவுன்ட்டுலயே ஆடலாம். ஆனா தம்பி உங்க கேம்ல சீட்டிங் பண்ணி மாட்டினா தடை உங்களுக்கும் சேர்த்துதான். குடும்பத்தை விட்டு வெளியே வந்தா, அதுல சேர்ந்த நாள்லேர்ந்து ஒரு வருஷம் முடிஞ்சாதான் இன்னொண்ணுல சேர முடியும். கல்யாணம் மாதிரி, யோசிச்சு சேருங்க!

நாலாவது, வலை விரிக்கிறவங்க. "தெரியாம உன் ஐ.டி.யை ரிப்போர்ட் பண்ணிட்டேன், இந்த ஆள்கிட்ட பேசு", "எங்க டீமுக்கு ஒரு ஓட்டுப் போடு மச்சி"ன்னு மெசேஜ் வந்தா, அனுப்பினது உயிர் நண்பனா இருந்தாலும் லிங்க்கைத் தொடாதீங்க. அவன் அக்கவுன்ட் ஏற்கெனவே போயிருக்கும், அடுத்தது நீங்க. அதே மாதிரி, அடிமாட்டு விலைக்கு அம்பது கேமோட அக்கவுன்ட் தர்றேன்னு வர்றவனையும் நம்பாதீங்க. அதோட நிஜ ஓனர் ஒரு மெயில் தட்டினா போதும், மொத்தமும் அவருக்குத் திரும்பிப் போயிடும். காசு மட்டும் திரும்பாது.

அஞ்சாவது, ரசீது. மெயில்ல 'கேம்ஸ்'னு ஒரு ஃபோல்டர் போட்டு எல்லா ரசீதையும் அதுல தள்ளுங்க. கூடவே ஒரு எக்செல் ஷீட். கேம் பேர், கடை, மெயில் ஐ.டி., தேதி, விலை. அஞ்சே கட்டம். 'ப்ளேநைட்'னு ஒரு இலவச சாஃப்ட்வேர், எல்லாக் கடை லைப்ரரியையும் ஒரே லிஸ்ட்டா காட்டும். அதையும் வெச்சுக்கலாம்.

ஆறாவது, சேவ் ஃபைல். க்ளவுட் இருக்குன்னு எல்லாத்தையும் விட்டுடாதீங்க, எல்லா கேமுக்கும் அது கிடையாது. ஃபார்மேட் பண்றதுக்கு முன்னாடி பாருங்க. 80 மணி நேரம் ஆடினது ஒரு க்ளிக்குல போனா, அரியரை விட அதிகமா வலிக்கும். ஜி.ஓ.ஜி.யில வாங்கினதுக்கு இன்ஸ்டாலரையே இறக்கி ஹார்டு டிஸ்க்ல வெச்சுக்கலாம். நெட்டே இல்லாட்டியும் ஓடும். இந்த விஷயத்துல மட்டும் அது பழைய சி.டி. மாதிரி.

ஹாஸ்டல்வாசிகளுக்கு ஒரு போனஸ். ரெண்டு பேர்கிட்டயும் ஒரே கேம் இருந்தா, ரெண்டு பேரும் நெட்டுலேர்ந்து இறக்க வேண்டியதில்லை. ஒரே நெட்வொர்க்ல இருந்தா ஒரு லேப்டாப்லேர்ந்து இன்னொண்ணுக்கு ஸ்டீமே காப்பி பண்ணிக்கும். 2023-ல வந்த வசதி. டேட்டா மிச்சம், வார்டன்கிட்ட திட்டும் மிச்சம்.

கடைசியா, ஆடுங்க!

இவ்வளவும் சொல்லிட்டு ஒண்ணு சொல்லலைன்னா தப்பு. உங்க லிஸ்ட்டை எடுத்து வெச்சு, ஒரு தடவைகூடத் திறக்காத கேம் எத்தனைன்னு எண்ணிப் பாருங்க. 75 பர்சன்ட் தள்ளுபடியில வாங்கி, தொடவே இல்லேன்னா 25 பர்சன்ட் நஷ்டம்தான். நம்ம பையனோட 43-ல அவன் திறந்தது 16!

'கலெக்ஷன்'னு ஒரு வசதி இருக்கு. அதுல மூணே மூணு பெட்டி போடுங்க. இப்போ ஆடறது, அடுத்து ஆடப்போறது, முடிச்சது. முதல் பெட்டியில ரெண்டுக்கு மேல வைக்காதீங்க. ஒண்ணு முடியற வரைக்கும் சேல் பக்கம் எட்டிப் பார்க்காதீங்க. வாங்கிட்டுப் பிடிக்கலையா? ஸ்டீம்ல 14 நாளுக்குள்ள, 2 மணி நேரத்துக்கும் குறைவா ஆடியிருந்தா பணத்தைத் திரும்பக் கேட்கலாம். அதனால வாங்கின வாரமே ஒரு மணி நேரம் ஆடிப் பார்த்துடுங்க. 'லீவுல ஆடிக்கலாம்'னு தள்ளிப் போட்டா கெடு தாண்டிடும்.

சரி, 43 கேம் என்னாச்சு?

கடையோட சப்போர்ட்டுக்கு எழுதினான். 'இது உன் அக்கவுன்ட்தான்னு நிரூபி'ன்னு பதில் வந்தது. நியாயம்தானே? ரசீது எல்லாம் செத்துப்போன காலேஜ் மெயில்ல. லேப்டாப்போ ஃபார்மேட் ஆனது. போனும் புதுசு. பையன் சாப்பிடாம உட்கார்ந்துட்டான்.

சித்தி வந்து என்னடான்னு கேட்டாங்க. பாதிதான் புரிஞ்சது. "முதல்ல எதுல காசு கட்டினே?"ன்னு ஒரே கேள்வி. அப்போ அவனுக்குன்னு தனியா அக்கவுன்ட் கிடையாது. ட்யூஷன் காசை அம்மா கையில கொடுத்துட்டு, அவங்க அக்கவுன்ட்லேர்ந்துதான் யு.பி.ஐ.யில கட்டியிருக்கான். சித்தி உள்ளே போய் பீரோவைத் திறந்தாங்க. ரப்பர் பேண்ட் போட்ட பாஸ்புக் கட்டு! மாசா மாசம் பேங்க்குக்குப் போய் என்ட்ரி போட்டு வெச்சிருக்காங்க. முதல் வருஷம், முதல் கேம், 199 ரூபாய். பக்கத்துலயே யு.பி.ஐ. நம்பர். அப்படியே ஒவ்வொண்ணா எழுதி அனுப்பினோம்.

எட்டு நாள் கழிச்சு பதில் வந்தது. புது மெயில், புது பாஸ்வேர்டு. 43-ம் அப்படியே இருந்தது. கார்த்திகை தீபத்தன்னைக்கு மறுபடி வீட்டுக்கு வந்தான். ஒரே கீபோர்டுல உட்கார்ந்து வெங்காயம் நறுக்கினோம், சூப்பைத் தீய விட்டோம், கத்தினோம்.

சித்தி எட்டிப் பார்த்துட்டு, "நிஜ அடுப்பங்கரைப் பக்கம் ரெண்டு பேரும் எட்டிப் பார்க்கிறதில்லை. இதுல மட்டும் தட்டு கழுவுறீங்களாடா?"ன்னாங்க.

அன்னைக்கு நிஜத் தட்டையும் நாங்கதான் கழுவினோம். 43 கேமைக் காப்பாத்திக் கொடுத்தவங்களுக்கு அதுகூடச் செய்யலைன்னா எப்படி?

உங்க வீட்டு பீரோவுல பாஸ்புக் கட்டு இருக்கோ இல்லையோ, இன்னைக்கு ராத்திரி தூங்குறதுக்கு முன்னாடி அந்த மெயில் ஐ.டி.யை மட்டும் மாத்திடுங்க. ஃபைனல் இயர் மக்களே, உங்களுக்குத்தான் முக்கியமா சொல்றேன். ஃபேர்வெல் வரைக்கும் காத்திருக்காதீங்க.

அடுத்த வாரம் பார்ப்போம்... வர்ட்டா!